ஐந்தாவது ஆள்

நூறு பேர் திரண்டு செல்கின்றனர். சிலர் கையில் தடி, சிலர் கையில் அரிவாள், பலர் வெறுங்கையர். கூச்சல் மட்டும் அனைவருக்கும் பொது. குடிசை எரிகிறது. உயிர் போகிறது. பொழுது விடிந்ததும் விசாரணை தொடங்குகிறது. ‘நான் வெட்டவில்லை, நின்றுகொண்டிருந்தேன்’ என்கிறான் ஒருவன். ‘நான் முன்னால் நிற்கவுமில்லை, பின்னால் வந்தேன்’ என்கிறான் அடுத்தவன். ‘ஊரே போயிற்று, நானும் போனேன், பத்தோடு பதினொன்று’ என்கிறான் மூன்றாமவன். ஒவ்வொருவர் பேச்சையும் நம்பினால் என்ன முடிவுக்கு வருவோம்? பிணம் கிடக்கிறது, கொலைஞன் இல்லை! தீ எரிந்தது, மூட்டியவன் இல்லை!

கூட்டம் செய்த குற்றத்துக்கு யார் பொறுப்பு? இந்தக் கேள்விக்கு நாட்டு வரலாறு மூன்று வகையான விடைகளைத் தந்திருக்கிறது. குற்றவாளியின் குலமே பொறுப்பு என்பது ஒன்று. கூட்டம் செய்தது, ஆகவே எவரும் பொறுப்பல்லர் என்பது மற்றொன்று. எவன் அறிந்து, விரும்பி அக்கூட்டத்தில் நின்றானோ அவனே பொறுப்பு என்பது மூன்றாவது. முதலிரண்டும் பழமையின் பிள்ளைகள். மூன்றாவது அறிவின் பிள்ளை. ஆனால் அந்த அறிவின் பிள்ளையும் இந்த மண்ணில் எப்படி வளர்க்கப்பட்டது, எவர் வீட்டில் காவல் காத்தது, எவர் வீட்டு வாயிலில் கண் மூடிக்கொண்டது என்பதை நாம் அறிந்தாக வேண்டும்.

காட்டுமன்னார்கோவிலை அடுத்த உடையார்குடியில் ஒரு கல்வெட்டு இருக்கிறது. முதலாம் இராசராசனின் இரண்டாம் ஆட்சியாண்டில், அதாவது 987-ஐ ஒட்டிய காலத்தில் வெட்டப்பட்டது. சோழ இளவரசன் ஆதித்த கரிகாலனைக் கொன்ற துரோகிகள் என்று சிலரை அது பெயர் சொல்லிக் குறிக்கிறது. சோமன், இரவிதாசன், பரமேசுவரன் என்பன அப்பெயர்கள். பஞ்சவன் பிரமாதிராசன், இருமுடிச்சோழ பிரமாதிராசன் என்று பட்டம் பெற்ற அதிகாரிகள் அவர்கள். கல்வெட்டு அவர்களோடு நிற்கவில்லை. அவர்தம் மனைவியர், மக்கள், தந்தை வழியினர், தாய் வழியினர், மாமன்மார் என்று உறவுக் கொடியைப் பற்றிக்கொண்டே சென்று, அவ்வளவு பேர் உடைமையும் பறிமுதல் என்கிறது.

அரசகுலத்துக் கொலை, கடுங்குற்றம். ஐயமில்லை. ஆனால் அந்த மாமன் என்ன செய்தான்? அந்தக் குழந்தை எந்தச் சதியில் கலந்துகொண்டது? அதைக் கேட்கவே இல்லை. இரத்த உறவே குற்றத்தின் சான்று. குலத்தைக் கொண்டு ஒருவனை உயர்த்தும் சமுதாயம், குலத்தைக் கொண்டே ஒருவனைத் தண்டிக்கவும் செய்யும். மனு நூல் இதே தராசின் மறு தட்டு. ஒரே குற்றத்துக்குச் செய்தவன் வருணம் பார்த்து ஒரு தண்டனை, செய்யப்பட்டவன் வருணம் பார்த்து வேறொரு தண்டனை என்று அது படிக்கட்டுக் கட்டி வைத்தது. மனிதன் என்ன செய்தான் என்பது அங்கே இரண்டாவது கேள்வி. அவன் எங்கே பிறந்தான் என்பதே முதற் கேள்வி.

இந்தப் படிக்கட்டை எழுத்தளவிலேனும் இடித்தது 1860-ஆம் ஆண்டின் இந்தியத் தண்டனைச் சட்டம். மெக்காலேயின் தலைமையில் அமைந்த சட்டக் குழு 1837-இல் வரைவைக் கொடுத்தது. இருபதாண்டுகளுக்கு மேல் அது கிடப்பில் கிடந்தது. 1857-இன் பெருங்கிளர்ச்சி வெள்ளையரை உலுக்கிய பிறகு, 1860 அக்டோபர் 6-இல் சட்டமாகி, 1862 சனவரி 1-இல் நடைமுறைக்கு வந்தது. வருணத்துக்கொரு தண்டனை அதில் இல்லை. அந்த அளவில் அதை வரவேற்கத்தான் வேண்டும். ஆனால், கிளர்ச்சியைக் கண்டு நடுங்கிய ஆட்சியின் கையால் அது நிறைவேறியது என்பதையும் மறந்துவிடக் கூடாது. மக்கள் கூடுவதைக் கண்டால் ஆள்வோர்க்கு ஏற்படும் அச்சமும் அதன் வரிகளுக்குள் உட்கார்ந்திருக்கிறது.

இங்கிலாந்தில் பொதுச் சட்டப்படி மூவர் கூடினாலே சட்டவிரோதக் கூட்டம் ஆகக்கூடும். 1714-இல் அங்கே இயற்றிய கலகச் சட்டம் பன்னிருவரைக் கணக்கிட்டது. இந்தியச் சட்டம் ஐவர் என்றது. ஐந்து பேர் அல்லது அதற்கு மேற்பட்டோர், ஐவகை நோக்கங்களுள் ஒன்றைப் பொது நோக்கமாகக் கொண்டு கூடினால் அது சட்டவிரோதக் கூட்டம் என்றது 141-ஆவது பிரிவு. அரசை வன்முறை காட்டி அச்சுறுத்துவது ஒன்று. சட்டம் நிறைவேறுவதைத் தடுப்பது இரண்டு. சேதம் விளைவித்தல், அத்துமீறி நுழைதல் போன்ற குற்றங்களைப் புரிவது மூன்று. வன்முறையால் சொத்தைக் கைப்பற்றுவது, வழிநடைக்கும் தண்ணீருக்கும் உள்ள உரிமையைப் பறிப்பது நான்கு. ஒருவனை அவன் செய்யக் கடமைப்படாத ஒன்றைச் செய்யுமாறும், செய்ய உரிமையுள்ளதைச் செய்யாதிருக்குமாறும் வன்முறையால் கட்டாயப்படுத்துவது ஐந்து.

நான்காவதையும் ஐந்தாவதையும் மீண்டும் ஒருமுறை படிக்க வேண்டுகிறோம். வழிநடையும் தண்ணீரும்! பொதுத் தெருவில் நடக்கக் கூடாது, பொதுக் கிணற்றில் மொள்ளக் கூடாது என்று சேரியைத் தடியோடு தடுத்த ஒவ்வொரு கூட்டமும், 1862 முதலே சட்டவிரோதக் கூட்டந்தான். செருப்பணியாதே, குடை பிடிக்காதே என்று ஐவர் கூடிக் கைஓங்கி மிரட்டினால் அதுவும் சட்டவிரோதக் கூட்டந்தான். ஏட்டில் இருந்தது எழுத்து. நாட்டில் நடந்தது வழக்கம். எழுத்தை எடுத்து வழக்கத்தின் தலையில் தட்டக் கை எழவில்லை. அதுதான் நூறாண்டுக் கதை.

கூட்டத்தில் உறுப்பினனாக இருந்ததற்கே ஆறு திங்கள் வரை சிறை என்றது 143-ஆவது பிரிவு. வன்முறையில் இறங்கினால் அது கலகம், ஈராண்டு. கொலைக்கருவி ஏந்திக் கலகம் செய்தால் மூவாண்டு. இவற்றுக்கெல்லாம் மேலே, கூர்வாள் போன்றது 149-ஆவது பிரிவு. பொது நோக்கத்தை நிறைவேற்றும் முயற்சியில் கூட்டத்தில் எவனேனும் ஒருவன் குற்றம் புரிந்தால், அல்லது அந்த நோக்கத்தால் இன்ன குற்றம் நேரக்கூடும் என்று உறுப்பினர் அறிந்திருக்க அது நேர்ந்தால், அந்த வேளையில் கூட்டத்தில் இருந்த ஒவ்வொருவனும் அக்குற்றத்தைப் புரிந்தவனே ஆவான். வெட்டியவனுக்குத் தூக்கு என்றால், உடனிருந்தவனுக்கும் தூக்கு வரக்கூடும்.

இதன் உடன்பிறப்பு 34-ஆவது பிரிவு. அதற்கு ஐவர் வேண்டியதில்லை, இருவரே போதும். ஆனால் அங்கே தேவைப்படுவது பொது நோக்கம் அன்று, பொது உட்கருத்து. மனமொத்துத் திட்டமிட்டு, ஏதேனும் ஒரு வகையில் செயலிலும் பங்கு கொண்டிருக்க வேண்டும். அனைவரின் பொது உட்கருத்தை நிறைவேற்றும் பொருட்டு என்னும் சொற்களே 1870-இல்தான் திருத்தமாகச் சேர்ந்தன. ஒன்றில் உறுப்பினனாக இருத்தல் போதும். மற்றொன்றில் உள்ளமும் கையும் வேண்டும். இந்த வேறுபாட்டை அறியாமல் வழக்கைப் பற்றிப் பேசுவது, வரப்பை அறியாமல் வயலை உழுவதாகும்.

34-ஆவது பிரிவின் வலிமையை நாட்டுக்குக் காட்டியது கல்கத்தா சங்கரிதோலா அஞ்சலக வழக்கு. 1923 ஆகஸ்டில் சிலர் துப்பாக்கியோடு வந்து பணம் கேட்டனர்; அஞ்சலக அதிகாரி சுடப்பட்டு மாண்டார். பிடிபட்ட பரேந்திர குமார் கோஷ், தான் வெளியே முற்றத்தில் நின்றதாகவும், உள்ளே சுட்டவர் வேறு எனவும் வாதிட்டார். வழக்கு இலண்டன் பிரிவி கவுன்சில் வரை சென்றது. 1924-இல் தீர்ப்பு வந்தது. காவல் நின்றவனும் பணி செய்தவனே, சுட்ட விரல் எவனுடையது என்பது மட்டுமே கேள்வி அன்று என்று கூறிக் கொலைத் தீர்ப்பை நிலைநிறுத்தினர்.

கொள்கை நேரானது. ஆனால் அதே ஆட்சியின் மறு கை என்ன செய்துகொண்டிருந்தது? மனிதனின் நோக்கத்தைப் பார்த்தே குற்றம் என்று ஒரு சட்டத்தில் எழுதிய அரசு, 1871-இல் குற்றப் பரம்பரைச் சட்டம் என ஒன்றை இயற்றியது. பிறந்த சாதியே குற்றம்! தொட்டிலில் கிடக்கும் பிள்ளையும் வருங்காலக் குற்றவாளி! 1911-இல் அச்சட்டம் சென்னை மாகாணத்துக்கும் வந்தது. கைரேகை பதிந்துவிட்டு, இரவில் காவல் நிலையத்தில் படுத்துக்கொள் என்றது. மறுத்து நின்ற பெருங்காமநல்லூரில் 1920 ஏப்ரல் 3 அன்று துப்பாக்கி வெடித்தது. மாண்டவர் 16 பேருக்குக் குறையாது. உடையார்குடிக் கல்லில் இருந்த குலத் தண்டனை, தொள்ளாயிரம் ஆண்டு தூங்கிவிட்டு வெள்ளைச் சட்டை மாட்டிக்கொண்டு எழுந்து வந்தது. விடுதலைக்குப் பிறகு, 1952-இல்தான் நாடெங்கும் அது புதைக்கப்பட்டது.

கூட்டுப் பொறுப்பு என்னும் வாள், ஆள்வோர் சினத்தோடு சேர்ந்தால் எவ்வளவு அகலமாக வீசும் என்பதைச் சௌரி சௌராவில் காண்கிறோம். 1922 பிப்ரவரியில், உத்தரப் பிரதேசக் கோரக்பூர் மாவட்டத்தில், ஊர்வலத்தினர்மீது காவலர் சுட்டனர். வெகுண்ட கூட்டம் காவல் நிலையத்துக்குத் தீ வைத்தது. இருபதுக்கும் மேற்பட்ட காவலர் மாண்டனர். காந்தியார் ஒத்துழையாமை இயக்கத்தையே நிறுத்தினார். வழக்கு நடந்தது. 1923 சனவரியில் செஷன்ஸ் நீதிமன்றம் எத்தனை பேருக்குத் தூக்கு என்றது தெரியுமா? 172 பேருக்கு! உழவரும் நெசவாளரும் கூலிகளுமான 172 பேர். மேல்முறையீட்டில் அலகாபாத் உயர்நீதிமன்றம் 19 பேர் தூக்கை மட்டும் உறுதி செய்தது. பலருக்குத் தண்டனை மாறியது, சிலர் விடுதலையாயினர். ஏழைக் கூட்டத்தின் முன் 149-ஆவது பிரிவு கண்களை அகல விரித்துக்கொண்டு நின்றது என்பதை நினைவில் வைத்துக்கொள்வோம்.

வாளுக்கு உறையும் வேண்டுமல்லவா? 1945-இல் மகபூப் ஷா வழக்கில் பிரிவி கவுன்சிலே ஓர் உறை செய்து தந்தது. சிந்து நதிக்கரையில் நாணல் அறுத்தது பற்றி மூண்ட சச்சரவில் ஒருவர் சுடப்பட்டு இறந்தார். சுட்டவன் தலைமறைவு. உடனிருந்தவனுக்குத் தூக்கு விதித்திருந்தனர். ஒரே எண்ணம் இருவருக்குத் தனித்தனியே தோன்றுவது வேறு. இருவரும் சேர்ந்து ஓர் எண்ணத்தை முன்னரே வகுத்துக்கொள்வது வேறு. இரண்டையும் குழப்பாதீர் என்று கூறி அக்கொலைத் தண்டனையை நீக்கினர்.

விடுதலை பெற்ற நாட்டின் உச்சநீதிமன்றமும் இரு பக்கமும் பார்த்தே நடந்தது. ஐவர்மேல் மட்டுமே குற்றம் சாட்டி, அவருள் இருவர் விடுதலையானால், மிஞ்சிய மூவர் சட்டவிரோதக் கூட்டம் ஆகார். பெயர் தெரியாத பிறரும் உடனிருந்தனர் என மெய்ப்பித்தால் மட்டுமே ஆவர் என்று 1962-இல் மோகன் சிங் வழக்கு தெளிவாக்கியது. 1964-இல் வந்தது மசால்தி வழக்கு. கூட்டத்தில் ஒவ்வொருவனும் தனியே ஒரு செயல் புரிந்ததாகக் காட்ட வேண்டியதில்லை. பொது நோக்கத்தை ஏற்று உறுப்பினனாக இருந்தான் என்பதே போதும் என்றது அத்தீர்ப்பு. ஆனால், ஒன்றும் அறியாது வேடிக்கை பார்க்க வந்தவன் உறுப்பினன் ஆகான். பெருங்கூட்டத்தின் வழக்கில் அப்பாவியும் அகப்பட்டுக்கொள்ளக் கூடுமாகையால், ஒரே சாட்சியின் சொல்லோடு நில்லாமல், முரணின்றிக் கூறும் பல சாட்சிகளைத் தேடுவது நன்று என்றும் எச்சரித்தது. சட்டம் வளர்ந்துவிட்டது. கூட்டத்துக்குள் ஒளிந்துகொள்ள இனி இடமில்லை என்று எண்ணத் தோன்றும்.

நான்கே ஆண்டுகள். 1968 டிசம்பர் 25. தஞ்சைத் தரணி. கீழவெண்மணி.

கூலியாக அரைப்படி நெல் கூடுதலாகக் கேட்டனர் உழைப்பாளிகள். சங்கக் கொடியை இறக்க மறுத்தனர். அந்த இரவில் ஆயுதந்தாங்கிய கூட்டம் சேரியைச் சூழ்ந்தது. ஓடி ஒளிய இடமின்றி ஒரு சிறு குடிசைக்குள் புகுந்த 44 பேர், பெரும்பாலும் பெண்டிரும் பிள்ளைகளும் முதியோரும், உயிரோடு எரிந்து சாம்பலாயினர். 1970-இல் நாகப்பட்டினம் செஷன்ஸ் நீதிமன்றம், நெல் உற்பத்தியாளர் சங்கத் தலைவர் கோபாலகிருஷ்ண நாயுடு உள்ளிட்ட சிலருக்குப் பத்தாண்டுச் சிறை விதித்தது. 44 உயிருக்குப் பத்தாண்டு! அதுவும் நிலைக்கவில்லை. 1973-இல் சென்னை உயர்நீதிமன்றம் அவர்களை விடுவித்தது. நிலபுலமும் மகிழுந்தும் உடைய செல்வர்கள் தாமே நேரில் நடந்து சென்று தீ வைத்தனர் என்பது நம்பத்தக்கதாக இல்லை என்ற கருத்தும் அத்தீர்ப்பில் இடம்பெற்றது. அதே இரவில் நிலவுடைமையாளர் தரப்பில் ஒருவர் கொலையுண்ட வழக்கிலோ, தொழிலாளர் தண்டனை பெற்றனர்.

சட்டத்தைக் கையில் வைத்துக்கொண்டு நாம் கேட்கிறோம். செல்வர் தாமே சென்றிருந்தால் 149 இருக்கிறது. தாம் போகாமல் ஆளனுப்பியிருந்தால், கூலிக்கு ஆள் சேர்த்துச் சட்டவிரோதக் கூட்டத்துக்கு அனுப்புவோனும் அக்கூட்டத்தின் உறுப்பினனைப் போலவே தண்டிக்கப்படுவான் என்னும் 150-ஆவது பிரிவு இருக்கிறது. போனாலும் குற்றம், அனுப்பினாலும் குற்றம் என்று இரு கதவையும் அடைத்து வைத்திருந்தது சட்டம். ஆனால் மகிழுந்து மூன்றாவது கதவைத் திறந்துவிட்டது! நிலத்துக்கு உரியவன் தன் நிலத்தில் கலகக் கூட்டம் கூடுவதை அறிந்தும் தடுக்கத் தவறினால் 154-ஆவது பிரிவு சொன்ன தண்டனை என்ன? ஆயிரம் ரூபாய்க்கு மேற்படாத அபராதம். சௌரி சௌராவின் 172 தூக்கையும் வெண்மணியின் விடுதலையையும் ஒரே தாளில் எழுதிப் பாருங்கள். பிரிவு ஒன்றுதான். நின்றவர் யார் என்பது மாறியது. பிரிவின் பார்வையும் மாறியது.

இது தஞ்சையோடு நின்ற கதையன்று. பீகாரின் இலட்சுமண்பூர் பாத்தேயில் 1997 டிசம்பர் 1 இரவு 58 பேர் கொல்லப்பட்டனர். 2010-இல் 26 பேருக்குத் தண்டனை. 2013-இல் பாட்னா உயர்நீதிமன்றம் அனைவரையும் விடுவித்தது. இருட்டில் முகத்தைக் கண்டாயா, எத்தனை பேர் வந்தனர், எவன் கையில் என்ன இருந்தது என்ற கேள்விகளுக்கு, வைக்கோலுக்குள் ஒளிந்து உயிர் தப்பியவன் துல்லியமாக விடை சொல்ல வேண்டும். சொல்லத் தவறினால் கூட்டம் காற்றில் கரைந்துவிடும்.

இந்த நோய்க்கு ஒரு மருந்து 1989-இன் வன்கொடுமைத் தடுப்புச் சட்டத்தில் இருக்கிறது. அதன் 8-ஆவது பிரிவைப் பலர் அறியார். ஒரு கூட்டத்தினர் அச்சட்டப்படி குற்றம் புரிந்து, அக்குற்றம் நிலம் பற்றியோ வேறொன்று பற்றியோ முன்பே இருந்த தகராற்றின் தொடர்ச்சி என மெய்ப்பிக்கப்பட்டால், பொது உட்கருத்தும் பொது நோக்கமும் இருந்ததாகவே நீதிமன்றம் கொள்ளும். இல்லை என்று காட்டுவது குற்றவாளியின் சுமை. வெண்மணியின் சாம்பலிலிருந்து சட்டம் கற்ற பாடம் என்று இதனைக் கூறலாம். ஆயினும், மருந்துப் புட்டி அலமாரியில் இருந்தால் நோய் தீராது; எடுத்துக் கொடுக்கும் கை வேண்டும்.

கை இருந்தால் என்ன நடக்கும் என்பதற்கு மேலவளவு சான்று. ஒதுக்கீட்டு ஊராட்சியில் தலைவராகத் தேர்ந்தெடுக்கப்பட்ட முருகேசனும் அவர் தோழர்களும் 1997 சூன் 30-இல், ஓடும் பேருந்தை மறித்து வெட்டிக் கொல்லப்பட்டனர். பட்டப்பகல். வழக்குச் சேலத்தில் நடந்தது. 2001-இல் 17 பேருக்கு ஆயுள் தண்டனை. 2009-இல் உச்சநீதிமன்றமும் அதை உறுதி செய்தது. உயிர் பிழைத்தவர்கள் அஞ்சாது சாட்சி சொன்னார்கள். வழக்கறிஞர்கள் விடாது துணை நின்றார்கள். அங்கேதான் சட்டம் எழுந்து நடந்தது.

அண்மைக் காலத்தில் கூட்டக் கொலை புதிய உருவெடுத்தது. மாட்டிறைச்சி என்ற ஐயம், பிள்ளை பிடிப்பவன் என்ற வதந்தி. கைப்பேசியில் ஒரு செய்தி போதும், கூட்டம் சேர்ந்துவிடும். 2018 சூலை 17-இல் தெகசீன் பூனாவாலா வழக்கில் உச்சநீதிமன்றம், மாவட்டந்தோறும் இதற்கெனப் பொறுப்பு அதிகாரியை அமர்த்தச் சொன்னது. தனிக் குற்றமாகச் சட்டம் இயற்றுமாறு நாடாளுமன்றத்துக்குப் பரிந்துரைத்தது. 2023-இல் இயற்றி 2024 சூலை 1 முதல் நடைமுறைக்கு வந்த பாரதிய நியாய சன்ஹிதா, பழைய 141-ஐ 189 ஆகவும், 149-ஐ 190 ஆகவும், 34-ஐ 3(5) ஆகவும் எண் மாற்றியது. புதிதாக 103(2) என்ற பிரிவைச் சேர்த்தது. இனம், சாதி, சமூகம், பால், பிறப்பிடம், மொழி, தனிப்பட்ட நம்பிக்கை போன்றவற்றை முன்னிட்டு ஐவரோ மேற்பட்டோரோ சேர்ந்து கொன்றால், ஒவ்வொருவருக்கும் தூக்கு அல்லது ஆயுள் தண்டனை, அபராதமும் உண்டு. சாதியின் பெயரும் மொழியின் பெயரும் கொலைச் சட்டத்தில் ஏறியிருக்கின்றன. மதம் என்ற சொல்லை மட்டும் நேராக எழுதக் கூச்சம் தடுத்திருக்கிறது.

அறப்போரில் இறங்கும் இளைஞர்க்கும் இவ்வரலாற்றில் பாடம் உண்டு. கூடுவது குற்றமன்று, அமைதியாக, ஆயுதமின்றிக் கூடுவது அரசியல் சட்டம் 19-ஆவது பிரிவில் தந்த உரிமை. நோக்கமே கூட்டத்தைக் குற்றமாக்கும். கூடும்போது தூயதாய் இருந்த கூட்டம் பிறகு நெறி தவறலாம் என்றும் சட்டம் சொல்கிறது. நெறி தவறியதை அறிந்த நொடியில் விலகி வெளியேறியவன் உறுப்பினன் அல்லன். அறிந்தும் நீடித்தவன் உறுப்பினனே. ஆகவே கல்லெடுத்தவனைக் கண்டால் தடுங்கள். தடுக்க இயலாவிடில் விலகுங்கள். விலகியதைப் பலரறியச் செய்யுங்கள். மறுபுறம், ஒரு சாதியார் செய்த கொடுமைக்கு அச்சாதியார் அத்தனை பேர் பெயரையும் புகாரில் எழுதும் ஆசையையும் விட்டொழியுங்கள். அது உடையார்குடிக் கல்வெட்டின் நீதி. பொய்ப் பெயர் ஒன்று சேர்ந்தால், உண்மைப் பெயர் பத்தும் தப்பித்துவிடும்.

கொடுமை செய்ய ஐவர் வேண்டும் என்று சட்டம் எண்ணிக்கை வைத்திருக்கிறது. நால்வர் எப்போதும் இருப்பர். சாதி வெறியன் ஒருவன், நிலத்திமிர் பிடித்தவன் ஒருவன், கூலிக்கு வந்தவன் ஒருவன், குடிவெறியன் ஒருவன். ஐந்தாவது ஆளைத்தான் தேடுவார்கள். ‘ஊரே போகிறது, நீ வரவில்லையா?’ என்று அவன் வீட்டுக் கதவைத்தான் தட்டுவார்கள். சட்டத்துக்குப் பயந்து அவன் போகாமலிருந்தால் ஓர் உயிர் பிழைக்கும். சிந்தித்துப் பார்த்து, ‘வரமாட்டேன்’ என்று சொல்லிக் கதவைச் சாத்தினால் ஒரு சமுதாயமே பிழைக்கும்.